தகைமை இருந்தும் கைநழுவும் பதவியுயர்வு

ஒரு வெள்ளிக்கிழமை பின்னேரம் அவர் எங்கள் வீட்டுக்கு வந்தபோது கையில் நீளமான கபில நிறக் கடித உறையொன்று இருந்தது. "அக்கா, இதைக் கொஞ்சம் வாசித்துச் சொல்லுங்களேன்" என்றார். வாசிக்கத் தெரியாதவரல்ல அவர். ஒரு பல்கலைக்கழகத்தில் 19 வருடங்களாக எழுதுவினைஞராகக் கடமையாற்றி, ஆயிரக்கணக்கான கடிதங்களைத் தட்டச்சுச் செய்து அனுப்பியவர். ஆனாலும், தன்னைப் பற்றி வந்த கடிதத்தை மட்டும் இன்னொருவர் வாய் மூலம் கேட்க வேண்டும் போல் அவருக்கு இருந்திருக்கிறது.

ஆங்கிலத்தில் இரண்டே வரிகள். குறித்த பதவிக்குத் தேவையான தகைமைகளை அவர் பூர்த்தி செய்திருக்கவில்லை என்பதால், அவரது விண்ணப்பத்தைப் பரிசீலிக்க முடியாமைக்கு வருந்துவதாக அதில் எழுதப்பட்டிருந்தது. கீழே ஒரு கையொப்பம். அவ்வளவுதான்!

அந்தத் தகைமைக்காக அவர் பட்டபாடு எனக்குத் தெரியும். பிள்ளைகள் உறங்கிய பின்னர் சமையலறை மேசையில் அமர்ந்து, திறந்த பல்கலைக்கழகத்தின் பாடநூல்களைப் படித்தவர். வார இறுதி வகுப்புக்களுக்காகப் பக்கத்து நகரத்துக்கு பஸ் ஏறியவர். பட்டப்படிப்பை முடிக்க அவருக்கு ஏழு வருடங்கள் பிடித்தன. இரண்டாவது பிள்ளை பிறந்த வருடத்தில் மட்டும் ஒரு பரீட்சைக்கும் தோற்றவில்லை. அப்படிப் பெற்ற பட்டத்தைத்தான் அந்த இரண்டு வரிகள் இல்லையென்று கூறின.

கடிதத்தின் மேல் மூலையிலிருந்த திகதியைப் பார்த்தேன். ஆறு வாரங்களுக்கு முந்திய திகதி. "ஏன் இவ்வளவு நாளாக ஒன்றும் செய்யவில்லை?" என்று கேட்டேன்.

"பதிவாளருக்கு ஒரு மேன்முறையீடு எழுதிக் கொடுத்தேன் அக்கா. பதில் வரட்டும் என்று பார்த்துக் கொண்டிருந்தேன்."

பார்த்துக் கொண்டிருந்த அந்த ஆறு வாரங்களில் அவருக்குத் தெரியாமலேயே ஒரு கதவு மூடப்பட்டு விட்டது. அந்தக் கதவைப் பற்றியும், இன்னும் திறந்திருக்கும் ஏனைய கதவுகளைப் பற்றியும் எழுதவே இக்கட்டுரை.

கல்விசாரா ஊழியர் என்போர் யார்?

பல்கலைக்கழகம் என்றதும் பேராசிரியர்களும் விரிவுரையாளர்களும் மாணவர்களுமே நமது நினைவுக்கு வருகின்றனர். ஆனால் காலையில் விரிவுரை மண்டபத்தைத் திறப்பவர், ஆய்வுகூடத்தில் குடுவைகளைக் கழுவி அடுக்குபவர், நூலகத்தில் புத்தகங்களை எடுத்துத் தருபவர், பரீட்சைக் கிளையில் பெறுபேறுகளைப் பதிபவர், விடுதியில் இரவுக் காவல் இருப்பவர், சம்பளப் பட்டியலைத் தயாரிப்பவர் ஆகிய அனைவரும் கல்விசாரா ஊழியர்கள் எனும் வகுதிக்குள் அடங்குவர். பல்கலைக்கழக மானியங்கள் ஆணைக்குழுவின் கீழுள்ள 17 பல்கலைக்கழகங்களும் இவர்களது தோளில்தான் இயங்குகின்றன. 2024 மே மாதம் இவர்கள் ஆரம்பித்த வேலைநிறுத்தம் இரண்டு மாதங்களளவில் நீடித்தபோது, பல்கலைக்கழகங்கள் எப்படி முடங்கிப் போயின என்பதை நாடே கண்டது.

இவர்களில் பலர் க.பொ.த. சாதாரண தரம் அல்லது உயர்தரத்துடன் சேவையில் இணைந்தவர்கள். மேலே செல்ல வேண்டுமாயின் சேவைக்காலம், வினைத்திறன் காண் தடைப் பரீட்சை, சில பதவிகளுக்குப் பட்டம் அல்லது தொழில்சார் பாடநெறி என ஒவ்வொரு படியிலும் ஒரு தகைமை கேட்கப்படும். அந்தப் படியில் ஒரு வருடம் தவறினால் அந்த வருடச் சம்பள ஏற்றம் மட்டுமல்ல, அடுத்தடுத்த படிகளும் தள்ளிப் போகின்றன. ஓய்வுபெறும்போது பணிக்கொடை கடைசியாகப் பெற்ற சம்பளத்தை வைத்தே கணக்கிடப்படுவதால், 45 வயதில் இழந்த பதவியுயர்வின் நட்டம் 60 வயதிலும் கூடவே வரும். மூத்த பிள்ளையின் படிப்புச் செலவு, கட்டி முடிக்காத வீடு, வங்கிக் கடன் எல்லாம் இதில் தொங்கிக் கொண்டிருக்கின்றன. பதவி ஆசை என்று இதனை இலகுவாகச் சொல்லிவிட முடியாது.

நீதிமன்றம் கேட்கும் கேள்வி

பதவியுயர்வு கிடைக்காத ஒருவர் சட்டத்தரணியிடம் சென்றால் முதலில் கூறுவது, "எனக்கு எல்லாத் திறமையும் இருக்கிறது, நான்தான் அந்தப் பதவிக்குப் பொருத்தமானவள்" என்பதாகும். அது உண்மையாகவும் இருக்கலாம். ஆனால் நீதிமன்றத்தில் அந்த வாதம் பெரும்பாலும் எடுபடாது. யார் பொருத்தமானவர் என்று தெரிவு செய்வது நீதிமன்றத்தின் வேலையன்று. அது நியமனம் செய்யும் அதிகாரியின் பொறுப்பு. விதி என்ன, அந்த விதி எல்லோருக்கும் ஒரே மாதிரியாகக் கைக்கொள்ளப்பட்டதா என்பதைத்தான் நீதிமன்றம் பார்க்கும்.

அந்த விதிக்கு ஆட்சேர்ப்புத் திட்டம் என்று பெயர். ஒவ்வொரு பதவிக்கும் என்ன கல்வித் தகைமை, எத்தனை வருட சேவை, எந்தத் தரத்தில் சேவை, தெரிவு பரீட்சை மூலமா, நேர்முகப் பரீட்சை மூலமா என்பவை அதில் எழுதப்பட்டிருக்கும். வெற்றிடம் அறிவிக்கப்படும்போது அதன் சுருக்கம் அறிவித்தல் பலகையில் போடப்படும். நம்மில் பலர் அந்தச் சுருக்கத்தை மட்டும் வாசித்துவிட்டு விண்ணப்பத்தை நிரப்பி விடுகிறோம். மூலத்தைக் கேட்டு வாங்கி வாசிப்பவர் மிகச் சிலரே.

தகைமையைக் கூட்டவும் குறைக்கவும் நிர்வாகத்துக்கு உரிமை உண்டா? உண்டு. அயல்நாடான இந்தியாவில் இது குறித்து ஏராளமான வழக்குகள் நடந்துள்ளன. அந்நாட்டுத் தீர்ப்புகள் நமது நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்துவதில்லை எனினும், நமது சட்டத்தரணிகள் அவற்றை அடிக்கடி எடுத்துக் காட்டுவதுண்டு. ஜம்மு காஷ்மீர் அரசின் பொறியியல் சேவையில், பட்டம் பெற்றவர்களுக்கு மாத்திரமே மேல் பதவி என்று விதி மாற்றப்பட்டபோது டிப்ளோமா பெற்றோர் வழக்குத் தொடுத்தனர். ஒரே தரத்தில், ஒரே வேலையைச் செய்து வந்த எங்களை இப்படிப் பிரிக்கலாமா என்பது அவர்களது கேள்வி. உயர்ந்த கல்வித் தகைமையின் அடிப்படையில் பதவியுயர்வில் வேறுபாடு காட்டுவது சமத்துவத்துக்கு முரணானதல்ல என 1973இல் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆகவே, "நேற்று வரை கேட்காத பட்டத்தை இன்று எப்படிக் கேட்கலாம்?" என்ற வாதம் மாத்திரம் ஒருவரைக் காப்பாற்றாது.

எனினும், கூட்டவும் குறைக்கவும் முடியும் என்பதற்காக எதையும் தகைமையாக்கிவிட முடியாது. இதற்கு நமது நாட்டிலேயே நல்ல உதாரணம் உண்டு. 1990இல் வெளியிடப்பட்ட அரச நிர்வாகச் சுற்றறிக்கையொன்று நியமனங்களிலும் பதவியுயர்வுகளிலும் இன விகிதாசாரத்தைக் கடைப்பிடிக்கப் பணித்தது. அதனால் பாதிக்கப்பட்ட சுங்கத் திணைக்களத்தின் தமிழ் அதிகாரியொருவர் உயர் நீதிமன்றம் சென்றார். இனத்தின் அடிப்படையில் பதவியுயர்வை ஒதுக்குவது அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரையை மீறுவதாக நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 1991ஆம் ஆண்டின் இலங்கைச் சட்ட அறிக்கைகளில் வெளியான அத்தீர்ப்பு இன்றும் பதவியுயர்வு வழக்குகளில் எடுத்துக் காட்டப்படுகிறது. அதே உறுப்புரை, இனம், மதம், மொழி, சாதி ஆகியவற்றுடன் பால் அடிப்படையிலான பாரபட்சத்தையும் தடைசெய்கிறது. "பெண்பிள்ளை, வெளி வேலைக்கு அனுப்ப முடியாது" என்று நேர்முகப் பரீட்சையில் எவரேனும் சொன்னால், அதைக் கேட்டுத் தலைகுனிந்து வெளியே வரத் தேவையில்லை. வெளியே வந்தவுடன் திகதியுடன் எழுதி வைத்துக் கொள்ளுங்கள்!

சண்டைகள் எங்கே தொடங்குகின்றன?

பெரும்பாலான பிணக்குகள் பெரிய தத்துவங்களில் தொடங்குவதில்லை. ஒரு திகதியில் தொடங்குகின்றன. ஒரு சொல்லில் தொடங்குகின்றன.

நமது சகோதரியின் விடயத்தையே எடுத்துக் கொள்வோம். (அவர் விண்ணப்பித்த பதவியின் பெயரை எழுதவில்லை. எழுதினால் ஆளைக் கண்டுபிடித்து விடுவார்கள்.) விண்ணப்ப முடிவுத் திகதியன்று தகைமைகள் பூர்த்தியாகியிருக்க வேண்டும் என்பது வழமையான நிபந்தனை. அவரது இறுதிப் பெறுபேறுகள் அதற்கு முன்பே வெளியாகி விட்டன. ஆனால் பட்டமளிப்பு விழா அதற்குப் பின்னர்தான் நடந்தது. ஆகவே, பெறுபேற்றை உறுதிப்படுத்தி வழங்கப்பட்ட கடிதத்தை அவர் இணைத்திருந்தார். "பட்டச் சான்றிதழ் எங்கே?" என்று நேர்முகக் குழு கேட்டது. விழாவில் சான்றிதழ் கையில் கிடைத்த நாள்தான் பட்டம் பெற்ற நாளா? அல்லது சான்றிதழில் குறிக்கப்படும், பட்டம் செல்லுபடியாகும் திகதியா? இரண்டுக்கும் இடையில் சில வேளை ஒரு வருடம் வித்தியாசம் இருப்பதுண்டு. பல்கலைக்கழகங்கள் அந்தச் செல்லுபடியாகும் திகதியைக் குறிப்பதே இத்தகைய சிக்கலைத் தவிர்ப்பதற்காகத்தான். ஆனாலும் விண்ணப்பத்தைப் பரிசீலிப்பவர் அதைப் பார்க்க வேண்டுமே!

இன்னொரு பொல்லாத கேள்வி இருக்கிறது. பட்டமும் மூன்று வருட சேவையும் தேவை என்று விதி சொல்கிறது என்று வையுங்கள். பட்டம் பெறுவதற்கு முன்னர் செய்த சேவை இந்த மூன்று வருடத்தில் சேருமா? வேலை செய்து கொண்டே படிக்கும் பெண்களுக்கு இது வாழ்வா சாவா என்ற கேள்வி. புதுச்சேரிப் பொதுப்பணித் துறையில் இதே கேள்வி எழுந்தது. அங்கு டிப்ளோமாவுடன் சேவையில் சேர்ந்து பின்னர் பட்டம் பெற்றவர்கள் தமது பழைய சேவையையும் கணக்கிடக் கோரினர். அத்துறையின் நீண்டகால நடைமுறையையும் கருத்திற் கொண்டு, பட்டம் பெற்ற பின்னரான சேவையே கணக்கில் எடுக்கப்படும் என 1991இல் இந்திய உச்ச நீதிமன்றம் கூறியது. இரண்டு வருடங்களுக்குள், மத்தியப் பிரதேசத்திலிருந்து வந்த ஏறத்தாழ இதே மாதிரியான வழக்கில், அங்குள்ள விதியின் வாசகம் வேறாக இருந்ததால் பழைய சேவையும் சேரும் என்று அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இரண்டு தீர்ப்புகளும் முரண்படுவது போல் தோன்றலாம். உண்மையில் இரண்டும் விதியின் வாசகத்தைத்தான் பின்பற்றின. "பட்டத்துடன் மூன்று வருட சேவை" என்பதும் "பட்டம் பெற்ற பின் மூன்று வருட சேவை" என்பதும் ஒன்றல்ல. மேன்முறையீடு எழுதுவதற்கு முன் அந்த ஒரு வசனத்தைப் பத்துத் தடவை வாசித்தாலும் தகும்.

பட்டம் எங்கே, எப்படிப் பெறப்பட்டது என்பதும் வழக்காகிறது. சென்னையிலுள்ள அரச திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தின் உயர் பதவி தொடர்பான வழக்கு 2009இல் இந்திய உச்ச நீதிமன்றத்தில் முடிவுற்றது. முதற் பட்டம் இல்லாமல் திறந்த முறையில் நேரடியாகப் பெற்ற முதுமாணிப் பட்டம் அங்கே ஏற்கப்படவில்லை. அதே வருடம் தமிழ்நாடு அரசும், பாடசாலைக் கல்வியை முறையாக முடிக்காமல் திறந்த பல்கலைக்கழகங்கள் மூலம் பெறும் பட்டங்களை அரச வேலைக்கும் பதவியுயர்வுக்கும் ஏற்பதில்லை என ஆணை பிறப்பித்தது. பணத்தையும் காலத்தையும் செலவழித்துப் படித்தவர்கள் எத்தனை பேர் அன்று திகைத்து நின்றிருப்பார்கள்! நமது திறந்த பல்கலைக்கழகம் 1980இல் அமைக்கப்பட்ட அரச பல்கலைக்கழகம் என்பதால் அதன் பட்டத்துக்கு இந்தச் சிக்கல் இல்லை. ஆனால் கவர்ச்சியான விளம்பரங்களுடன் தபால் மூலமும் இணையத்திலும் பட்டம் வழங்கும் வெளிநாட்டு நிறுவனங்களில் சேர்வதற்கு முன், அதனை ஏற்றுக் கொள்வார்களா என்று தாபனக் கிளையிடம் எழுத்தில் கேட்டுப் பதில் பெறுவது அவசியம். "ஓம், ஏற்பார்கள்" என்று சிற்றுண்டிச்சாலையில் ஒருவர் சொன்னது பிற்காலத்தில் சாட்சிக்கு வராது.

விதி மாறும்போது எந்த விதி பொருந்தும் என்பதும் தீராத வழக்கு. வெற்றிடம் ஏற்பட்டபோது இருந்த பழைய விதியே பொருந்தும் என்று 1983இல் இந்திய உச்ச நீதிமன்றம் கூறியதைப் பலரும் வேதவாக்காகக் கொண்டிருந்தனர். 39 வருடங்களின் பின், 2022 மே மாதம், அப்படியொரு பொது விதி இல்லை, பரிசீலிக்கப்படும் நாளில் உள்ள விதியே பொருந்தும் என்று அதே நீதிமன்றம் அத்தீர்ப்பை மாற்றியமைத்தது. நமது நாட்டில் இத்தகைய சந்தர்ப்பங்களில் நியாயமான எதிர்பார்ப்பு எனும் கோட்பாடு கைகொடுப்பதுண்டு. அறிவித்தலை நம்பி விண்ணப்பித்தவர்களை நடுவழியில் கைவிட முடியாது என்பதே அதன் சாரம்.

பதில் கடமை பார்த்த கதையும் ஒன்றுண்டு. மேலதிகாரி ஓய்வு பெற்றுச் சென்றபின் மூன்று, நான்கு வருடங்கள் அந்த மேசையில் இருந்து வேலை பார்ப்பவர்கள் நம்மிடையே பலர். நிரந்தர நியமனம் வரும்போது இன்னொருவர் வந்து அமர்கிறார். பதில் கடமை பார்த்தமை மாத்திரம் அப்பதவிக்கு உரிமை தராது என்பதே சட்டத்தின் நிலைப்பாடு. கேட்கும்போது வயிறு எரிகிறது. ஆனாலும் அறிந்து வைத்திருப்பது நல்லது.

எந்தக் கதவைத் தட்டுவது?

அரச உத்தியோகத்தர்களுக்கு அரசாங்க சேவை ஆணைக்குழு இருக்கிறது, நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபை இருக்கிறது. பல்கலைக்கழக ஊழியர்கள் அவற்றுக்குச் செல்ல முடியாது. அவர்களுக்கென 1978ஆம் ஆண்டின் 16ஆம் இலக்கப் பல்கலைக்கழகங்கள் சட்டம் தனியான ஓர் இடத்தை ஏற்படுத்தியுள்ளது. அதுதான் பல்கலைக்கழக சேவைகள் மேன்முறையீட்டுச் சபை. ஆட்சேர்ப்புத் திட்டத்துக்கு மாறாக நியமனமோ பதவியுயர்வோ வழங்கப்பட்டதாகக் கூறப்படும்போது அதனை விசாரிக்கும் அதிகாரம் அச்சட்டத்தின் 86ஆம் பிரிவினால் இச்சபைக்கு வழங்கப்பட்டுள்ளது. வருடக் கணக்கில் பல்கலைக்கழகத்தில் வேலை செய்தும் இப்படியொரு சபை இருப்பதை அறியாத பெண்களை நான் சந்தித்திருக்கிறேன்.

இரண்டாவது கதவு உயர் நீதிமன்றம். அரச பல்கலைக்கழகத்தின் தீர்மானம் நிருவாகச் செயல் என்பதால், சட்டத்தின் முன் அனைவரும் சமம் எனும் அடிப்படை உரிமை மீறப்பட்டிருந்தால் அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையின் கீழ் மனுத் தாக்கல் செய்யலாம். ஆனால் அதற்குள்ள காலம் ஒரு மாதம் மட்டுமே! மீறல் நிகழ்ந்து ஒரு மாதத்துக்குள் மனு நீதிமன்றத்தில் இருக்க வேண்டும். உபவேந்தருக்கு எழுதினேன், பேரவைக்கு எழுதினேன், பதிலுக்காகக் காத்திருந்தேன் என்பது காரணமாகாது. வேறு இடங்களில் நிவாரணம் தேடிக் கொண்டிருப்பதால் அந்த ஒரு மாதம் நின்று விடுவதில்லை என்பதை உயர் நீதிமன்றம் 1988ஆம் ஆண்டின் சட்ட அறிக்கைகளில் வெளியான தீர்ப்பொன்றிலேயே தெளிவாக்கி விட்டது. நமது சகோதரிக்கு மூடிக்கொண்ட கதவு இதுதான். மேன்முறையீட்டுக் கடிதம் எழுதியதில் தவறில்லை. எழுதிவிட்டுச் சும்மா இருந்ததுதான் தவறு.

இதில் ஒரு சிறு விலக்கு உண்டு. அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவின்படி, அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேர்க்கப்படாது. யாழ்ப்பாணம், வவுனியா, திருகோணமலை, மட்டக்களப்பு, கல்முனை ஆகிய இடங்களில் ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகங்கள் இருப்பதால் கொழும்புக்கு ஓட வேண்டியதுமில்லை. ஆனால் முறைப்பாட்டைக் கையளித்துப் பற்றுச்சீட்டு வாங்கினால் மட்டும் போதாது. விசாரணை உண்மையிலேயே நடைபெற்று வந்ததைக் காட்ட வேண்டும் என நீதிமன்றம் பல தடவைகள் வலியுறுத்தியுள்ளது. ஆகவே முறைப்பாட்டு இலக்கம், விசாரணைக்கு அழைத்த கடிதம் ஆகியவற்றைப் பத்திரப்படுத்த வேண்டும்.

மூன்றாவது, மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் எழுத்தாணை. சட்டத்துக்கு மாறான தீர்மானத்தை இரத்துச் செய்யுமாறும், செய்ய வேண்டிய கடமையைச் செய்யப் பணிக்குமாறும் அங்கே கோரலாம். மேன்முறையீட்டுச் சபையின் தீர்மானமே சட்டப்பிழையானதாயின் அதனையும் அங்கே கேள்விக்குட்படுத்தலாம். இதற்கு ஒரு மாதக் கெடு இல்லை. எனினும் நியாயமின்றித் தாமதித்து வருபவரை நீதிமன்றம் திருப்பி அனுப்பி விடும். வேறு தகுந்த பரிகாரம் இருக்கும்போது ஏன் இங்கு வந்தீர் என்றும் கேட்கக் கூடும். எந்தக் கதவு முதலில் என்பதைச் சட்டத்தரணியிடம் கேட்டே தீர்மானிக்க வேண்டும். வருமானம் குறைந்தவர்களுக்குச் சட்ட உதவி ஆணைக்குழுவின் நிலையங்கள் உள்ளன.

எந்தக் கதவைத் தட்டுவதாயினும் கையில் கடதாசி வேண்டும். இதற்கு 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் பெரிய வரப்பிரசாதம். ஆட்சேர்ப்புத் திட்டத்தின் பிரதி, நேர்முகப் பரீட்சையின் புள்ளித் திட்டம், தனக்கு வழங்கப்பட்ட புள்ளிகள் ஆகியவற்றைத் தமிழிலேயே எழுதிக் கேட்கலாம். ஏன் கேட்கிறீர்கள் என்று காரணம் சொல்லத் தேவையில்லை. 14 வேலை நாட்களுக்குள் தகவல் உத்தியோகத்தர் தீர்மானம் தெரிவிக்க வேண்டும். பிறரின் தனிப்பட்ட விவரங்களுக்கும் சில பரீட்சை இரகசியங்களுக்கும் சட்டத்தில் விலக்குகள் உண்டு. ஆனாலும் பதவியுயர்வுப் பிணக்கொன்றுக்குத் தேவையானவற்றில் பெரும்பகுதி இதன் மூலம் கைக்கு வந்து விடும். ஒன்றை மட்டும் மறக்க வேண்டாம். தகவலுக்காகக் காத்திருக்கும் நாட்களும் அந்த ஒரு மாதத்துக்குள் ஓடிக் கொண்டுதான் இருக்கும்.

பக்கத்து மேசைச் சிநேகிதி

சட்டப் புத்தகங்களில் எழுதப்படாத ஒரு விடயத்தையும் சொல்ல வேண்டும். பதவியுயர்வை எதிர்த்து வழக்குப் பேசுபவர் பல்கலைக்கழகத்தை மட்டும் எதிராளியாக்கினால் போதாது. அந்தப் பதவியைப் பெற்றவரையும் பிரதிவாதியாகச் சேர்க்க வேண்டும். அவரது நியமனம் பறிபோகக் கூடியது என்பதால் அவரது பக்கத்தையும் கேட்க வேண்டும் என்பதே நீதி. அவரைச் சேர்க்காமல் விட்டால் அதற்காகவே மனு தள்ளுபடியாகி விடலாம்.

நமது சகோதரிக்குப் பதிலாகத் தெரிவானவர் 12 வருடங்களாக அவருக்குப் பக்கத்து மேசையில் இருப்பவர். மதிய உணவை ஒன்றாகப் பகிர்ந்து உண்பவர். இவரது மகள் பிறந்தபோது வைத்தியசாலையில் இரவு முழுவதும் துணைக்கு இருந்தவர். அவர் எந்த மோசடியும் செய்யவில்லை. விண்ணப்பித்தார், கிடைத்தது. "அவளுடைய பெயரை நான் எப்படி அக்கா எழுதுவது?" என்று கேட்டபோதுதான் முதன்முறையாக இவர் அழுதார். கடிதம் வந்த நாளில் கூட அழாதவர்!

எத்தனையோ பெண்கள் இந்த இடத்தில்தான் நின்று விடுகிறார்கள். "போகட்டும், அவளாவது நன்றாக இருக்கட்டும்" என்று விட்டு விடுகிறார்கள். அது பெருந்தன்மையா, பயமா, அலுவலகத்தில் முகம் பார்க்க முடியாதே என்ற கூச்சமா? மூன்றும் கலந்ததாகத்தான் இருக்க வேண்டும். நான் அவரிடம் ஒன்று மட்டும் சொன்னேன். பெயரை எழுதுவதற்கு முதல் நாள் நீங்களே அவரிடம் நேரில் போய்ச் சொல்லிவிடுங்கள். அறிவித்தல் கட்டளை தபாலில் வந்து அவர் தெரிந்து கொள்ளக் கூடாது.

அவர் அப்படியே செய்தார். சிநேகிதி நீண்ட நேரம் பேசாமல் இருந்து விட்டு, "செய்யுங்கள்" என்று மட்டும் சொன்னாராம். அதன் பின்னர் பல மாதங்கள் இருவரும் தனித்தனியாகவே சாப்பிட்டனர்.

உயர் நீதிமன்றக் கதவு மூடப்பட்டிருந்ததால் அவர் மேன்முறையீட்டுச் சபைக்குச் சென்றார். அதற்கிடையில் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்டிருந்த கோவையின் பிரதி வந்து சேர்ந்தது. இரண்டு வருடங்களுக்கு முந்திய சுற்றில், இதே பதவிக்கு, இவரைப் போலவே பெறுபேற்றுக் கடிதத்தை மட்டும் சமர்ப்பித்த ஒருவரது விண்ணப்பம் ஏற்கப்பட்டிருந்தது அதில் தெரிய வந்தது. அன்று ஏற்றதை இன்று ஏன் மறுத்தார்கள் என்ற கேள்விக்குப் பல்கலைக்கழகத்திடம் தெளிவான பதில் இருக்கவில்லை. விசாரணையின் மூன்றாவது தவணையில், அவரை மீண்டும் நேர்முகப் பரீட்சைக்கு அழைக்கப் பல்கலைக்கழகம் தானாகவே இணங்கியது. ஒவ்வொரு தவணைக்கும் இரவு பஸ்ஸில் கொழும்புக்குச் சென்று, மறுநாள் இரவு பஸ்ஸில் திரும்பி, அதற்கடுத்த நாள் காலையில் கையொப்பமிட்டுக் கடமைக்குச் சென்றார்.

அடுத்த வெற்றிடத்தில் அவருக்குப் பதவி கிடைத்தது. ஆனால் நியமனத் திகதி பின்தியதால் சிரேஷ்டத்துவப் பட்டியலில் சிநேகிதிக்குக் கீழேதான் அவரது பெயர். அதற்காக மீண்டும் வழக்குப் பேசுவதா என்று சட்டத்தரணி கேட்டபோது, வேண்டாம் என்று சொல்லி விட்டார். சிநேகிதியின் நியமனம் அப்படியே இருக்கிறது.

சென்ற மாதம் நான் அவரது அலுவலகத்துக்கு ஓர் அலுவலாகச் சென்றிருந்தேன். அவரது மேசையில் ஒரு தடித்த நீல நிறக் கோவை இருந்தது. நியமனக் கடிதம், சேவை உறுதிப்படுத்தல், பரீட்சைப் பெறுபேறுகள், பதிவுத் தபால் பற்றுச்சீட்டுக்கள் என எல்லாவற்றின் நிழற்பிரதிகளும் திகதிவாரியாக அதில் இருந்தன. முதலாவது தாளாக அந்த இரண்டு வரிக் கடிதம். ஆய்வுகூடத்தில் வேலை செய்யும் இளம்பெண் ஒருத்தி புதிய வெற்றிட அறிவித்தலுடன் வந்து நின்றாள். "லாபாய் வாசித்துப் பார்த்தேன் அக்கா, எனக்குத் தகுதி இருக்கிறது போல" என்றாள்.

"இது சுருக்கம் தங்கச்சி. தாபனக் கிளைக்குப் போய் முழுத் திட்டத்தையும் கேட்டு வாங்கிக் கொண்டு வா" என்று சொல்லி விட்டு, பக்கத்து மேசையைப் பார்த்து, "சாப்பாட்டு நேரம் ஆயிற்று, வருகிறீர்களா?" என்று கேட்டார்.